கெல்லருக்கு மேலே

பாம்பெர்க்கில் பீர் குடிக்கக் கிளம்புகிறவர்கள் "கெல்லருக்கு மேலே போறோம்" என்பார்கள். கெல்லர் என்றால் நிலவறை. நிலவறைக்கு உள்ளேதானே போகமுடியும், மேலே எப்படிப் போவது என்று ஜெர்மனியின் மற்ற ஊர்க்காரர்களே கேட்பதுண்டு. ஃபிராங்கோனியா வட்டாரத்துக்கு வந்து பார்த்தால் கேள்வி தீர்ந்துவிடும். குளிர்சாதனம் இல்லாத காலத்தில் குன்றைக் குடைந்து நிலவறை செய்து, அதற்குள்தான் பீரை வாரக்கணக்கில் முதிர வைத்தார்கள். வெயிலின் சூடு உள்ளே இறங்காமலிருக்க மேலே மரம் நட்டார்கள். அகலமான இலையும் ஆழமாக இறங்காத வேரும் கொண்ட செஸ்நட் மரம் அதற்குத் தோதாக இருந்தது. கோடையில் பீர் வாங்க வந்தவர்கள் அந்த நிழலிலேயே உட்கார்ந்துவிட்டார்கள். இன்றைக்கும் அந்த மரங்களுக்கடியில்தான் பெஞ்சு போட்டிருக்கிறார்கள். அதனால்தான் 'மேலே'.

நான் இந்த ஊருக்கு வேலைக்கு வந்து ஆறு வருடம் ஆகிறது. எண்பதாயிரம் பேர்கூட இல்லாத ஊர். ஊருக்குள் மட்டும் பத்து ப்ரூவரிகளாவது இருக்கும். சுற்றுவட்டக் கிராமங்களையும் சேர்த்தால் எண்ணுவதற்குள் மறந்துபோகும். இவற்றைப் பற்றித் தமிழில் எழுத வேண்டும் என்று பலமுறை நினைத்துத் தள்ளிப்போட்டிருக்கிறேன். தயக்கம் ஒரு காரணம். மொழி இன்னொரு காரணம். தமிழில் 'குடிக்கிறான்' என்று, எதை என்று சொல்லாமல் சொன்னால், அதற்கு ஒரே அர்த்தம்தான். 'குடிக்கிறாள்' என்று சொன்னால் பக்கத்து வீட்டு ஜன்னல்கள் திறக்கும். குடி பற்றிய நம் பேச்சு ஒன்று ஒழுக்கத்தைப் பற்றியதாக இருக்கும், இல்லையென்றால் சாகசத்தைப் பற்றியதாக. எத்தனை பாட்டில், எவ்வளவு ஸ்ட்ராங், யார் வாந்தி எடுத்தது. நடுவில் ருசி என்ற பேச்சு வருவதேயில்லை. வந்தாலும் கசப்பு, புளிப்பு என்ற இரண்டைத் தாண்டுவதற்கு வார்த்தை அகப்படாது.

இங்கே ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் கெல்லரில் போய் உட்கார்ந்தால் ஒரே மேசையில் மூன்று தலைமுறையைப் பார்க்கலாம். பாட்டி முன்னால் அரை லிட்டர் மண்குவளை, பேரன் முன்னால் ஆப்பிள் ஜூஸ், நடுவில் வீட்டிலிருந்து கொண்டுவந்த ரொட்டியும் முள்ளங்கியும் பாலாடைக்கட்டியும். வெளிச் சாப்பாட்டைக் கொண்டுவந்து கடையிலேயே சாப்பிடுவது இங்கே அநாகரிகம் ஆகாது. 1812இல் பவேரிய அரசர் முதலாம் மாக்ஸ் யோசேஃப், பீர் காய்ச்சுகிறவர்கள் தங்கள் நிலவறைகளில் பீர் விற்கலாம், ரொட்டி தவிர வேறு உணவு விற்கக்கூடாது என்று உத்தரவிட்டார். சாப்பாட்டுக் கடைக்காரர்களின் பிழைப்பு போகக்கூடாதே என்ற கணக்கு. உத்தரவு போய்விட்டது, சாப்பாட்டு மூட்டை நின்றுவிட்டது. இந்த நாட்டில் குடிநோய் இல்லை என்று சொல்ல வரவில்லை, அதன் சுமையைச் சுமக்கிற வீடுகள் இங்கேயும் நிறைய. ஆனால் குடிப்பதை ருசியாகவும் பேசலாம் என்பதற்கு இங்கே ஒரு மொழி இருக்கிறது. அந்த மொழியை நான் கவனிக்க ஆரம்பித்தது போன கோடையில், என் சித்தி மகன் வந்திருந்தபோது.

*

அவனுக்குப் பெங்களூரில் வேலை. கிராஃப்ட் பீர் பைத்தியம். குடிக்கிற ஒவ்வொரு பீரையும் போட்டோ எடுத்து, ஒரு ஆப்பில் ஐந்துக்கு எத்தனை நட்சத்திரம் என்று பதிந்துவிடுவான். அவனிடம் எழுநூற்றுச் சொச்சம் பீர்களுக்கு மதிப்பெண் இருந்தது. முதல் நாள் மாலையே கெல்லருக்குக் கூட்டிப்போனேன். மண்குவளையில் 'ஊங்கெஷ்புண்டெட்' என்ற பீர் வந்தது. இரண்டு வாய் குடித்துவிட்டுப் போனை எடுத்தான்.

"அக்கா, இதுக்கு மூணுக்கு மேல போட முடியாது. கேஸே இல்ல, ஃப்ளாட்டா இருக்கு. ஸ்மெல்லும் பெருசா ஒண்ணும் இல்ல."

"குடிச்சு முடிடா மொதல்ல."

"முடிச்சா மட்டும் மாறிடுமா?"

அவன் சொன்னதில் பொய் எதுவும் இல்லை. அந்த பீரில் வாயு குறைவுதான். அதன் பெயரே அதைத்தான் சொல்கிறது. ஷ்புண்ட் என்றால் பீப்பாயின் அடைப்பு. சாதாரணமாக, பீர் முதிரும்போது பீப்பாயை அடைத்துவிடுவார்கள். ஈஸ்ட் வெளிவிடும் கரியமிலவாயு உள்ளேயே தங்கி பீரில் கரையும். 'ஊங்கெஷ்புண்டெட்' என்றால் அடைக்காதது. வாயு தன்பாட்டில் வெளியே போய்விட, மெத்தென்று, லேசாகக் கலங்கலாக ஒரு பீர் மிஞ்சும். வயிற்றை உப்பச் செய்யாது. மாலை நேரம் முழுக்க மரத்தடியில் உட்கார்ந்து பேசுவதற்கென்று செய்த பானம் அது. பாம்பெர்க்கின் மார்ஸ் ப்ரூவரியில் இந்த பீரைக் கேட்க முழுப் பெயர்கூடச் சொல்ல வேண்டியதில்லை, "ஒரு ஊ" என்றால் போதும்.

வாயு இல்லை என்பது ஊங்கெஷ்புண்டெட்டின் குறை என்றால், நுரை இல்லை என்பது நீர்மோரின் குறை.

நட்சத்திரம் போடுகிற ஆப்புகளில் உலகப் பட்டியலைப் பார்த்தால் ஒன்று தெரியும். மேலே இருப்பவை பெரும்பாலும் கறுத்துக் கெட்டியான, பத்து சதவீதத்துக்கு மேல் ஆல்கஹால் உள்ள ஸ்டௌட்களும், பழவாசனை மூக்கைத் துளைக்கும் ஐபிஏக்களும். ஜெர்மன் ஹெல்லஸும் கெல்லர்பீரும் எங்கோ நடுவில் கிடக்கும். இதில் யாருடைய சதியும் இல்லை. ஒரு சிறு கிளாஸில் இரண்டு வாய் குடித்து மதிப்பெண் போடுகிற ஆட்டத்தில் சத்தமாகப் பேசுகிற பீர்தான் ஜெயிக்கும். முதல் வாயிலேயே தன்னை முழுக்கச் சொல்லிவிடுகிற பீர்கள் அவை. அவற்றில் நல்லவை நிச்சயமாக நல்லவைதான். என் தம்பி பெட்டியில் வைத்துக் கொண்டுவந்த ஒரு பெங்களூர் பீர் எனக்கு மிகவும் பிடித்திருந்தது. ஆனால் ஊங்கெஷ்புண்டெட்டிடம் கேட்க வேண்டிய கேள்வி வேறு.

*

அந்தக் கேள்விக்கு ஜெர்மனில் ஒரு சொல் உண்டு. ஸ்யூஃபிக். 'ஸௌஃபன்' என்ற, மொடாக்குடியைக் குறிக்கிற முரட்டு வினைச்சொல்லுக்கு உறவுக்காரச் சொல் இது. ஆனால் ஒரு பீரை ஸ்யூஃபிக் என்றால் அது பாராட்டு. ஒரு வாய் இறங்கியதும் அடுத்த வாய்க்குக் கை தானாகக் குவளையை நோக்கிப் போகிறது என்று அர்த்தம். இதற்குத் தமிழ்ச் சொல் தேடிப் பார்த்தேன். பானகம், பதநீர் பற்றிப் பேசும்போது எங்கள் ஊரில் 'தெகட்டாது' என்பார்கள். அது பக்கத்தில் வருகிறது. வேர்க்கடலையைக் கொறிக்க ஆரம்பித்தால் கை நிற்காது என்போமே, அது இன்னும் பக்கம்.

இந்தச் சொல்லை வைத்துக்கொண்டு பார்த்தால் பீரில் எது முக்கியம் என்பது தலைகீழாகிவிடும். கசப்பு எவ்வளவு என்பதைவிட அது எப்படி முடிகிறது என்பது முக்கியமாகிறது. ஹாப்ஸின் கசப்பு வாய்க்கு வாய் நாக்கில் சேர்ந்துகொண்டே போகும் குணம் உடையது. முதல் வாயில் சுகமாக இருக்கும் கசப்பு அரை லிட்டர் முடிவதற்குள் நாக்கைக் கட்டிப்போட்டுவிடலாம். மால்ட்டின் இனிப்பும் அப்படித்தான், முதலில் அணைக்கும், பிறகு திகட்டும். ஸ்யூஃபிக்கான பீர் செய்கிறவர் கடைசி வாயை மனதில் வைத்து முதல் வாயைக் கட்டுப்படுத்துகிறார். இரண்டு வாயில் எழுந்துவிட்டவருக்கு அந்த உழைப்பு கண்ணிலேயே படாது.

இது ஏதோ கிராமத்துக் கெல்லரின் பழக்கம் மட்டும் இல்லை. 1885இல் தொடங்கப்பட்ட ஜெர்மன் வேளாண் சங்கம் பீர்களைச் சோதிக்கும்போது ஐந்து விஷயங்களைப் பார்க்கிறது: மணம், ருசியின் சுத்தம், வாய் நிறைவு, ரெட்ஸென்ஸ், கசப்பின் தரம். ரெட்ஸென்ஸ் என்பது பீர் நாக்கில் பட்டதும் வரும் சுறுசுறுப்பு, உயிர்ப்பு. ஐந்தாவதைக் கவனியுங்கள், கசப்பின் அளவைக் கேட்கவில்லை, தரத்தைக் கேட்கிறார்கள். இரண்டாவதும் அப்படித்தான். 'சுத்தம்' என்றால் அங்கே இருக்கக்கூடாதது எதுவும் இல்லை என்று பொருள். நொதித்தல் சரியாக முடியாத பீரில் வெண்ணெய் வாசம் வரும். கொதிக்க வைத்ததில் குறை என்றால் வேகவைத்த மக்காச்சோள வாசம் வரும். ஒளி பட்ட பீருக்கு ஒரு துர்வாடை. பழச்சாறும் காப்பிக்கொட்டையும் சேர்த்த பீரில் இவை ஒளிந்துகொள்ளலாம். வெளிர் நிறத்தில், மெல்லிய உடம்போடு, ஐந்து சதவீத ஆல்கஹாலோடு நிற்கும் ஒரு ஹெல்லஸில் ஒளிய இடம் கிடையாது. வெறும் ரசம் வைப்பவருக்கு இது தெரியும். சாம்பாரில் காய் காப்பாற்றிவிடும், ரசத்தில் யாரும் காப்பாற்ற மாட்டார்கள்.

என் வீட்டுக்கார அம்மா எழுபதைத் தாண்டியவர். பிறந்ததிலிருந்து இந்த ஊர்தான். எந்த பீரைக் குடித்தாலும் அவர் வாயிலிருந்து வரும் உச்சபட்சப் பாராட்டு, "பஸ்ட் ஷோ." ஃபிராங்கோனியா முழுக்க இதுதான் கதை. நம் மொழியில், "சரியாத்தான் இருக்கு." பேரன் பரீட்சையில் முதல் மார்க் வாங்கினாலும் அதே சொல்தான். கறிக்குழம்பை நாலு தடவை ஊற்றிக்கொண்டு, "பரவால்ல, சாப்பிடலாம்" என்று எழுந்து போகும் என் தாத்தாவை எனக்கு ஞாபகப்படுத்துவார். ஐந்து நட்சத்திரத்தில் 'பஸ்ட் ஷோ' எத்தனை நட்சத்திரம் என்று தம்பியிடம் கேட்டேன். கொஞ்சம் யோசித்துவிட்டு, "அந்தப் பாட்டி சொன்னா அஞ்சு, நான் சொன்னா மூணு" என்றான்.

*

ஜெர்மன் பீர் மரபு என்றதும் எல்லோரும் உடனே இழுப்பது ரைன்ஹைட்ஸ்கெபோட் என்கிற சுத்தச் சட்டத்தை. 1516, ஏப்ரல் 23, இங்கோல்ஸ்டாட் நகரம், பவேரியாவின் கோமகன் நான்காம் வில்ஹெல்மும் அவர் தம்பி லுட்விக்கும் வெளியிட்டது. பீரில் பார்லி, ஹாப்ஸ், தண்ணீர் தவிர எதுவும் சேர்க்கக்கூடாது. பாம்பெர்க்காரர்களிடம் இதைச் சொன்னால் சிரிப்பார்கள். அவர்களுடைய ஆயர்-இளவரசர் 1489லேயே மால்ட், ஹாப்ஸ், தண்ணீர் மட்டும் என்று எழுதிவைத்துவிட்டார். அப்போது பாம்பெர்க் பவேரியாவின் பகுதியே இல்லை. அந்த இருபத்தேழு வருடப் பெருமையை இன்றுவரை விட்டுக்கொடுக்கவில்லை.

1516ஆம் வருடச் சட்டத்தின் வாசகத்தை எடுத்துப் படித்தால், அதில் பெரும்பகுதி விலையைப் பற்றியது. குளிர்காலத்தில் ஒரு மாஸ் பீர் ஒரு ஃபென்னிக்குக்கு மேல் போகக்கூடாது, கோடையில் இரண்டு ஃபென்னிக். பார்லி மட்டும் என்று சொன்னதில், கோதுமையும் ரை தானியமும் ரொட்டிக்கு வேண்டும் என்ற கணக்கும் இருந்தது. ஆனால் 1548இல் டேகன்பெர்க் என்ற பிரபு வம்சத்துக்குக் கோதுமை பீர் காய்ச்சும் தனியுரிமை கொடுக்கப்பட்டது. 1602இல் அந்த வம்சம் வாரிசில்லாமல் முடிந்ததும் உரிமை கோமகனிடமே திரும்பி வந்தது. பிறகு அந்தக் கோதுமை பீர்தான் அரண்மனைக் கஜானாவை நிரப்பியது. ரொட்டிக் கவலை எங்கே போனதோ. 'ரைன்ஹைட்ஸ்கெபோட்' என்ற அந்தப் புனிதமான பெயரும் பழையதில்லை, 1918இல் பவேரிய நாடாளுமன்ற விவாதத்தில்தான் அந்தச் சொல் தலைகாட்டியது.

சட்டத்தால் சில நல்ல விஷயங்கள் நடந்தன என்பதை மறுக்க முடியாது. கட்டுப்பாடு ஒரு தனிவகைக் கெட்டிக்காரத்தனத்தை வளர்த்தது. மால்ட்டை ஊறவைத்த கஞ்சியின் புளிப்பை லேசாகக் கூட்ட வேண்டும், ஆனால் வெளியிலிருந்து அமிலம் ஊற்றக்கூடாது. என்ன செய்வது? மால்ட்டின் மேலேயே இயற்கையாக ஒட்டியிருக்கும் லாக்டிக் பாக்டீரியாவை வைத்துக் கொஞ்சம் கஞ்சியைத் தனியாகப் புளிக்கவைத்து அதைச் சேர்ப்பார்கள். வெளி வாயுவை ஏற்றுவதற்குப் பதில் நொதித்தலில் வரும் வாயுவையே பிடித்து வைப்பார்கள். தளை தட்டாமல் வெண்பா எழுதப் பழகியவர்களுக்கு இந்தச் சந்தோஷம் புரியும். ஆனால் அதே சட்டம், பீரைத் தெளிய வைக்கப் பிளாஸ்டிக் வகைத் தூளைக் கலந்து வடிகட்டுவதை இன்று அனுமதிக்கிறது. கடைசியில் நீக்கிவிடுவதால் அது 'சேர்த்தது' ஆகாதாம். கொத்தமல்லி விதை சேர்த்தால்தான் குற்றம்.

கொத்தமல்லி என்று சும்மா சொல்லவில்லை. லைப்ஸிக் நகரத்தின் கோஸ பீரில் கொத்தமல்லி விதையும் உப்பும் போடுவார்கள், லேசான புளிப்பும் இருக்கும். முதல் தடவை குடித்தபோது எனக்கு மோரும் ரசமும் சேர்ந்து ஞாபகத்துக்கு வந்தன. அதுவும் நூற்றாண்டுகள் பழைய ஜெர்மன் பீர்தான். வட ஜெர்மனியில் இப்படி மூலிகையும் மசாலாவும் சேர்த்த பீர்கள் பல இருந்தன. பவேரியாவின் விதி 1906இல் பேரரசு முழுவதற்குமாக விரிந்தபோது அந்த மரபுகளுக்கு இடம் சுருங்கிப்போனது. கோஸ ஒரு சிறப்பு விலக்காகத் தப்பித்தது. பிறகு 1966இல் அதைக் காய்ச்சுவதும் நின்று, 1980களில்தான் லைப்ஸிக்கில் மீண்டும் உயிர்பெற்றது. 1987இல் ஐரோப்பிய நீதிமன்றம், வெளிநாட்டு பீர்களைச் சுத்தச் சட்டத்தைக் காட்டித் தடுக்கக்கூடாது என்று தீர்ப்புச் சொன்னது. ஜெர்மன் பீரின் கதை முடிந்தது என்று அப்போது புலம்பியவர்கள் உண்டு. பாம்பெர்க்கில் ஒரு கெல்லரிலும் பீர் மாறவில்லை.

ஆகவே ஜெர்மன் பீர் மரபை மதிப்பது என்று நான் சொல்லும்போது பாட்டில் லேபிலில் அச்சிட்ட 1516 என்ற எண்ணைக் கும்பிடச் சொல்லவில்லை. சட்டத்துக்கு முன்னாலும் வெளியிலும் இருந்த கோஸவையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். ஒவ்வொரு ஊரும் தன் தண்ணீருக்கும் குளிருக்கும் சாப்பாட்டுக்கும் பொழுதுக்கும் ஏற்ப ஒரு பீரைச் செய்து வந்திருக்கிறது. அதைக் குடிக்கிறவர், அது எதற்காகச் செய்யப்பட்டதோ அதைக் கொண்டு அதை அளக்க வேண்டும். எனக்கு மரபுக்கு மரியாதை என்பது அவ்வளவுதான். பிடிக்காமல் போக எல்லோருக்கும் உரிமை உண்டு.

*

தம்பியை இரண்டாம் நாள் ஷ்லெங்கர்லாவுக்குக் கூட்டிப்போனேன். பாம்பெர்க்கின் புகை பீர், ரௌக்பீர், கிடைக்கும் இடம். மரப் பீப்பாயிலிருந்து நேராகக் குவளையில் இறங்கும். முகத்தருகே கொண்டுபோனவன் நிமிர்ந்து பார்த்தான்.

"அக்கா, இது கருவாடு சுட்ட மாதிரி இருக்கு."

"அடுப்புல விறகு என்னன்னு கேளு."

பீச் மரம். முளைகட்டிய பார்லியை அந்த விறகின் தீயில், புகை நேராகப் படும்படி உலர்த்துகிறார்கள். ஒரு காலத்தில் உலகத்தில் விறகுத் தீயில் காய்ந்த எல்லா மால்ட்டிலும் புகை இருந்தது, எனவே பீரிலும் இருந்தது. பிறகு சூடான காற்றால் மட்டும் உலர்த்தும் அடுப்புகள் வந்தன. வேலையும் சுலபம், செலவும் குறைவு. ஒவ்வொரு ஊராகப் புகையை விட்டுவிட்டது. பாம்பெர்க்கில் ஷ்லெங்கர்லாவும் ஷ்பெட்ஸியாலும் விடவில்லை. இன்றைக்கும் இரண்டு ப்ரூவரிகளும் தங்கள் மால்ட்டைத் தாங்களே புகைபோட்டுக்கொள்கின்றன. நாம் 'வித்தியாசமான' பீர் என்று போட்டோ எடுப்பது, எல்லா பீரும் இப்படித்தான் இருந்தது என்பதன் மிச்சத்தைத்தான்.

ரௌக்பீரைப் பற்றி இந்த ஊரில் எல்லோரும் சொல்லும் ஒரு பேச்சு, மூன்றாவது குவளையில்தான் அது ருசிக்க ஆரம்பிக்கும் என்பது. வியாபாரத் தந்திரம் என்று சிரிக்கலாம். ஆனால் அதில் உடம்பின் விஷயம் இருக்கிறது. ஒரு வாசனைக்குள் கொஞ்ச நேரம் உட்கார்ந்தால் மூக்கு அதைப் பின்னால் தள்ளிவிடும். ஊதுபத்திக் கடைக்காரருக்கு ஊதுபத்தி மணக்காது. புகை பின்வாங்கியதும் அதற்கடியில் இருந்த மால்ட்டின் இனிப்பும் மெல்லிய கசப்பும் முன்னே வருகின்றன. முதல் வாயில் கருவாடாக இருந்தது கொஞ்ச நேரத்தில் ரொட்டியாகிறது. மூன்று குவளை எல்லோருக்கும் ஆகாது, எனக்கும் ஆகாது. ஒரு குவளையை நிதானமாக, பக்கத்தில் ஏதாவது சாப்பிட்டுக்கொண்டு, கடைசிவரை குடித்தாலே அந்த மாற்றத்தைப் பார்க்கலாம். தம்பி அன்று மதிப்பெண் எதுவும் போடவில்லை. முடிவுக்கு வரவில்லை என்று சொன்னான்.

அதற்கடுத்த சனிக்கிழமை ஆவ்ஃப்ஸெஸ் போனோம். ஆயிரத்து முந்நூறு பேர்போல் வாழும் கிராமம், நாலு ப்ரூவரிகள். ஆள் கணக்குக்கு உலகத்திலேயே அதிகம் என்று கின்னஸ் புத்தகத்தில் ஏறிய ஊர். நாலையும் இணைக்கிற நடைபாதை வயலும் காடுமாகப் போகிறது. அதில் ஒன்று காத்தி ப்ரொய். காத்தி என்ற பெண்மணி பல காலம் நடத்தியதால் அந்தப் பெயர். நாலு இடத்திலும் ஏறக்குறைய ஒரே மாதிரிப் பழுப்பு பீர். இரண்டாவது ஊரை எட்டும்போது தம்பி சொன்னான், "முன்னாடி குடிச்சத விட இதுல கொஞ்சம் வறுத்த வாசம் தூக்கலா இருக்குல்ல?" இரண்டாவது பீரை முதலாவதோடு ஒப்பிட ஆரம்பித்துவிட்டான். பக்கத்து ஊரோடு ஒப்பிடுவதுதான் இந்த பீர்களுக்கு நியாயமான அளவுகோல். உலகப் பட்டியலில் நானூறாவது இடமா, ஐந்நூறாவது இடமா என்பதால் அந்தக் கிராமத்துக்கு ஒன்றும் ஆகப்போவதில்லை.

இதன் எல்லையைப் பார்க்க வேண்டுமென்றால் இன்னும் கிழக்கே, ஓபர்ப்ஃபால்ஸ் பகுதியின் விண்டிஷெஷன்பாஹ் ஊருக்குப் போகவேண்டும். அங்கே ட்ஸொய்கல் என்று ஒரு பீர். ஊருக்குப் பொதுவான ஒரு காய்ச்சுமிடம், விறகு அடுப்பு. காய்ச்சும் உரிமை உள்ள வீட்டார் முறைவைத்து அங்கே காய்ச்சி, நொதிக்காத அந்தச் சாற்றைத் தங்கள் வீட்டு நிலவறைக்குக் கொண்டுபோய் நொதிக்கவைத்து முதிர வைக்கிறார்கள். யார் வீட்டு பீர் தயாரோ அந்த வீட்டு வாசலில் ஆறுமுனை நட்சத்திரம் தொங்கும். அன்றைக்கு அந்த வீட்டுக் கூடம்தான் கடை. ஒரே அடுப்பு, ஒரே தண்ணீர், ஆனாலும் வீட்டுக்கு வீடு ருசி வேறு. ஒரே தெருவில் ஒரே பாலை வாங்கி உறைகுத்தும் வீடுகளில் தயிர் வேறு வேறாக இருப்பதுபோல. இதை ஒருவர் ஆப்பில் எந்தப் பெயரில் பதிவார்? எந்த வீடு, எந்த வாரம்?

*

இவ்வளவு விலாவாரியாக நான் கவலைப்படுவதற்குக் காரணம் ருசி மட்டும் இல்லை. இந்த நாட்டில் பீர் குடிப்பது குறைந்துகொண்டே வருகிறது. 1970களின் இறுதியில் ஒருவருக்கு ஆண்டுக்கு 140 லிட்டருக்கு மேல் இருந்தது, இப்போது 90 லிட்டருக்கும் கீழே. உடம்புக்கு இது நல்ல செய்தி என்பார்கள், அப்படியும் இருக்கலாம். ஆனால் குறையும்போது முதலில் விழுவது பெரிய கம்பெனிகள் அல்ல. ஒரு குடும்பம், ஒரு கொப்பரை, ஒரு சாப்பாட்டுக்கடை, ஐந்தாறு கிராமத்து வாடிக்கையாளர்கள் என்று இருந்தவர்கள்தான் விழுகிறார்கள். அவர்களுடைய பீருக்கு வெளியூரில் பெயர் கிடையாது. புதிதாக வருகிற இளைஞர்கள் இரண்டு வாய் குடித்து, 'சாதாரணம்' என்று எழுதிவிட்டுப் போனால், அதை மறுத்துச் சொல்ல அந்த பீருக்கு வாயும் கிடையாது.

பாம்பெர்க்கிலிருந்து முக்கால் மணி நேரத் தூரத்தில் அப்படி ஒரு இடம் இருந்தது. ஒவ்வொரு இலையுதிர்காலமும் அவர்களுடைய போக் பீருக்காக வீட்டுக்கார அம்மாவும் நானும் போவோம். போக் வருடத்தில் சில வாரம்தான் கிடைக்கும். காய்ச்சுகிறவருக்கு அறுபத்தைந்து இருக்கும். காய்ச்சுவதும் அவர், பரிமாறுவதும் அவர், திங்கட்கிழமை தரை துடைப்பதும் அவர். உங்கள் பீரின் விசேஷம் என்ன என்று ஒருமுறை கேட்டேன். "இங்க இருக்கறவங்க குடிக்கறாங்க," என்றார். கொஞ்சம் விட்டு, "எங்கப்பா பண்ணினதவிட இப்ப கசப்பு குறைவு. அவருக்கு அது பிடிச்சிருக்காது," என்று சேர்த்துக்கொண்டார். ஒரு மரபின் உள்ளேயிருந்து பேசுகிறவர் அப்படித்தான் பேசுவார் என்று நினைக்கிறேன். அவருடைய கணக்கில் 1516 இல்லை, அப்பா இருந்தார்.

இரண்டு வருடம் முன்பு மூடிவிட்டார்கள். கொப்பரையை மாற்ற வேண்டியிருந்தது, பிள்ளைகள் நியூரம்பெர்க்கில் வேறு வேலையில் இருந்தார்கள். பெயரையும் லேபிலையும் பக்கத்து நகரத்தின் பெரிய ப்ரூவரி ஒன்று வாங்கிக்கொண்டது. அதே செய்முறைப்படிதான் காய்ச்சுகிறோம் என்று பாட்டிலில் போட்டிருக்கிறார்கள், அதைச் சந்தேகிக்க எனக்குக் காரணம் எதுவும் இல்லை. போன நவம்பரில் கடையில் அந்த போக்கைப் பார்த்ததும் இரண்டு பாட்டில் வாங்கிவந்தேன். சமையலறை மேசையில் வீட்டுக்கார அம்மாவும் நானும் ஒன்றைத் திறந்து பங்கிட்டுக்கொண்டோம். அழகான நிறம், நுரை நன்றாக நின்றது, வெண்ணெய் வாசமோ சோள வாசமோ எதுவும் இல்லை. சங்கத்தின் ஐந்து கேள்விகளையும் ஒவ்வொன்றாக மனதுக்குள் கேட்டுப் பார்த்தேன், எதிலும் மதிப்பெண் குறைக்க இடமில்லை.

அவர் மெதுவாகக் குடித்து முடித்தார். 'பஸ்ட் ஷோ' வரும் என்று காத்திருந்தேன்.

"குத்தம் சொல்றதுக்கு ஒண்ணும் இல்ல," என்றார்.

இரண்டாவது பாட்டிலை நாங்கள் திறக்கவில்லை.